கல்லாப்பெட்டியில் பிள்ளைகளின் கை! கடை செல்போனைக் காப்பாற்ற நெட் இல்லாத விளையாட்டு லேப்டாப்

சென்னை - திருப்பதி நெடுஞ்சாலையில் திருத்தணிக்கு முன்னால் இருக்கிற கனகம்மாசத்திரம் போன்ற ஊர்களில் முன்கட்டு கடையாகவும் பின்கட்டு வீடாகவும் இருப்பது நமக்குப் புதிதல்ல. பள்ளி விட்டதும் பிள்ளைகள் கடைக்குத்தான் வருவார்கள். கோடை விடுமுறை என்றால் கேட்கவே வேண்டாம், நாள் முழுவதும் கடைதான். வந்ததும் கேட்பது ஒன்றே ஒன்று: "அப்பா, போன் குடுங்கப்பா!"

வியாபாரம் சூடாக இருக்கும் நேரத்தில், தொல்லை விட்டால் போதும் என்று நாமும் எடுத்துக் கொடுத்துவிடுகிறோம். அங்கேதான் சங்கடம் தொடங்குகிறது.

முன்பெல்லாம் கல்லாப்பெட்டியின் சாவி நம் இடுப்பில் இருந்தது. 2016-ல் யு.பி.ஐ. வந்த பிறகு கடையின் செல்போனே கல்லாப்பெட்டி ஆகிவிட்டது. வாடிக்கையாளர் ஸ்கேன் செய்யும் பணம் வருவதும் அதில்தான், மொத்த வியாபாரிக்குச் சரக்குப் பணம் போவதும் அதில்தான். வங்கியின் ஓ.டி.பி. எண்ணும் அதற்கே வருகிறது. அந்தப் பெட்டியைத் திறந்து வைத்துப் பத்து வயதுப் பிள்ளையின் மடியில் கொடுப்பது எவ்வளவு பெரிய அபாயம் என்பதை வணிகர்கள் யோசிக்க வேண்டும்.

பணம் எப்படிப் போகிறது?

செல்போன் விளையாட்டுகள் பல "இலவசம்" என்ற பெயரில்தான் வருகின்றன. உள்ளே போன பிறகு புதுச் சட்டை, புதுத் துப்பாக்கி, வைரக்கல் என்று ஒவ்வொன்றுக்கும் காசு கேட்கும். பின் எண் தெரியாத பிள்ளை என்ன செய்துவிட முடியும் என்று கேட்கலாம். அப்பா பக்கத்தில் நின்று நூறு முறை பின் எண் போடுவதைப் பார்த்த பிள்ளைக்கு அது தெரியாமல் இருக்குமா? தவிர, யு.பி.ஐ. லைட் என்ற வசதியில் சிறு தொகைகளுக்குப் பின் எண்ணே தேவையில்லை. ஆட்டோபே என்பதற்கு ஒருமுறை சம்மதம் கொடுத்துவிட்டால் மாதாமாதம் தானாகவே பணம் கழியும்.

பணம் கட்டி ஆடும் ஆன்லைன் சூதாட்டம் வேறு வகை. தமிழ்நாட்டில் 2022-ம் ஆண்டுச் சட்டமும், 2025 ஆகஸ்டில் நாடாளுமன்றம் நிறைவேற்றிய ஆன்லைன் விளையாட்டுச் சட்டமும் அதைக் குறி வைத்தவை. ஆனால் சாதாரண விளையாட்டுக்குள் வைரக்கல் வாங்குவது சூதாட்டம் ஆகாது. அதற்கு நாமேதான் காவல். மோசடியில் பணம் போனது தெரிந்தால் உடனே 1930 என்ற எண்ணுக்குப் போன் செய்யலாம். பிள்ளையே வாங்கியதற்கு அந்த எண்ணில் பெரிதாகப் பரிகாரம் எதிர்பார்க்க முடியாது.

பிள்ளையை விளையாடவே விடாமல் இருப்பது நடக்கிற காரியம் அல்ல. விளையாட்டைக் கல்லாவிலிருந்து பிரித்து வைப்பதே வழி. அதற்கு வீட்டில் தூங்கும் பழைய லேப்டாப் போதும். இன்டர்நெட் இணைப்பு வேண்டாம்.

லேப்டாப் எங்கே கிடைக்கும்?

2011 செப்டம்பர் 15 அன்று தொடங்கிய அரசின் விலையில்லா லேப்டாப் திட்டத்தில் பிளஸ் டூ மாணவர்கள் லட்சக்கணக்கானோர் பயன் பெற்றார்கள். அப்படி அண்ணனோ அக்காவோ வாங்கியது இன்றும் பல வீடுகளில் பரண் மேல் கிடக்கிறது. இல்லையென்றால் கடையில் பில் போட்டுப் பழசாகிப்போன லேப்டாப் இருக்கும். இரண்டும் இல்லாதவர்கள், திருவாலங்காட்டிலோ திருத்தணியிலோ ரயில் ஏறி, சென்னை ரிச்சி தெருவில் பழைய லேப்டாப்பைப் பார்த்து வாங்கலாம். ஒரு எச்சரிக்கை: அரசு முத்திரையுள்ள விலையில்லா லேப்டாப்பை யாராவது விலைக்குக் கொண்டு வந்தால் வாங்க வேண்டாம். அது மாணவருக்குக் கொடுத்தது, விற்பனைச் சரக்கு அல்ல.

முதல் வேலை: கணக்கைக் காப்பாற்றுங்கள்

பில் போட்ட லேப்டாப்பைத் துடைத்துப் பிள்ளைக்குக் கொடுக்கும் முன் ஒரு நிமிடம் நிற்கவும். ஜி.எஸ்.டி. சட்டத்தின்படி கணக்குப் புத்தகங்களையும் ஆவணங்களையும் ஆண்டு ரிட்டர்ன் தாக்கல் செய்ய வேண்டிய கடைசி நாளிலிருந்து 72 மாதங்கள் வைத்திருக்க வேண்டும். மேல்முறையீடு, விசாரணை இருந்தால் அதற்கு மேலும் வைத்திருக்க வேண்டும். கம்ப்யூட்டரில் இருக்கும் கணக்குக்கும் இது பொருந்தும். எனவே பழைய பில், கொள்முதல், இருப்புக் கணக்கு எல்லாவற்றையும் இரண்டு இடங்களில் நகல் எடுத்து வையுங்கள். ஒன்று வெளி ஹார்டு டிஸ்க்கில், மற்றொன்று புதிய கம்ப்யூட்டரில். நகலை அங்கே திறந்து பார்த்து, கடைசி பில் வரை வந்திருக்கிறதா என்று சரிபார்த்த பிறகுதான் பழையதைத் துடைக்க வேண்டும். விளையாட்டு லேப்டாப்பில் கடைக் கணக்கு எதுவும் மிஞ்சக் கூடாது.

லேப்டாப்பைத் தயார் செய்தல்

விசிறியில் அடைந்த தூசியைச் சுத்தம் செய்யச் சொல்லுங்கள். சூடு ஏறி நின்றுபோகும் லேப்டாப்புகளில் பாதிக் குறை அதுதான். மெமரி 2 ஜி.பி. என்றால் 4 ஜி.பி. ஆக்குவது நல்லது. பழைய ஹார்டு டிஸ்க்குக்குப் பதில் எஸ்.எஸ்.டி. போட்டால் வேகம் கண்கூடாகத் தெரியும். பேட்டரி செத்திருந்தாலும் சார்ஜரில் ஓடும். ஆனால் கரண்ட் போனால் உடனே அணையும் என்பதால் இன்வெர்ட்டர் லைனில் செருகுங்கள்.

அடுத்தது விண்டோஸா, லினக்ஸா? விண்டோஸ் 7-க்கு மைக்ரோசாஃப்ட் ஆதரவு 2020 ஜனவரியிலும், விண்டோஸ் 10-க்கு 2025 அக்டோபர் 14-லும் முடிந்துவிட்டது. பழைய லேப்டாப்புக்கு லினக்ஸ் மின்ட் போன்ற இலவச லினக்ஸ் ஏற்றது. அதற்குக் குறைந்தபட்சம் 2 ஜி.பி. மெமரியும் 20 ஜி.பி. இடமும் போதும், 4 ஜி.பி. இருந்தால் சௌகரியம். அதை ஒரு பென் டிரைவில் ஏற்றிக் கொடுக்க உங்கள் பகுதி சர்வீஸ் கடைக்காரருக்குத் தெரியும். லைசென்ஸ் காசு ஒரு பைசா இல்லை.

என்ன விளையாட்டு ஏற்றலாம்?

இங்கே ஒரு விஷயம் புரிய வேண்டும். நெட் இல்லாமல் விளையாடலாம் என்றாலும், ஏற்றும்போது ஒருமுறை நெட் வேண்டும். சரக்கை ஒரே லோடில் இறக்கிக் குடோனில் அடுக்கிவிட்டால் பிறகு தினமும் லாரி வரத் தேவையில்லை அல்லவா, அது போலத்தான். ஒரு நாள் செல்போன் ஹாட்ஸ்பாட்டில் இணைத்து, லினக்ஸ் மின்ட்டில் உள்ள சாஃப்ட்வேர் மேனேஜரிலிருந்து வேண்டியதை இறக்கிவிடலாம்.

ஜிகாம்பிரிஸ்: 2 முதல் 10 வயது வரையிலான பிள்ளைகளுக்கு. நூற்றுக்கு மேற்பட்ட சிறு விளையாட்டுகள். பொருளுக்குச் சரியான காசு எடுத்துக் கொடுப்பது, மீதிச் சில்லறை கொடுப்பது என்ற பயிற்சிகள்கூட உண்டு. வணிகர் வீட்டுப் பிள்ளைக்கு இதைவிட வேறென்ன வேண்டும்!

சூப்பர்டக்ஸ்கார்ட்: கார் பந்தயம். ஒரே திரையைப் பிரித்து இரண்டு பேர் சேர்ந்து ஆடலாம். டி.வி.யில் இணைத்தால் அண்ணன் தம்பி சண்டை குறையும்.

ஓப்பன் டி.டி.டி.: 1994-ல் கிறிஸ் சாயர் உருவாக்கிய டிரான்ஸ்போர்ட் டைகூன் விளையாட்டின் வழியில் 2004-ல் வந்த இலவச வடிவம். கடன் வாங்கி லாரியும் ரயிலும் விட்டு, சுரங்கத்து நிலக்கரியை மின் நிலையத்துக்குக் கொண்டு சேர்க்க வேண்டும். சரக்கு தாமதமானால் கூலி குறையும். கடனுக்கு வட்டி ஓடும். பெரிய பிள்ளைகளுக்கு ஏற்றது, அப்பாக்களும் உட்கார்ந்துவிடும் அபாயம் உண்டு!

சதுரங்கம்: ஸ்டாக்ஃபிஷ் என்ற இலவச செஸ் இயந்திரம் நெட் இல்லாமலே ஆடும். 2022-ல் மாமல்லபுரத்தில் செஸ் ஒலிம்பியாட் நடந்ததும், 2024 டிசம்பரில் சென்னையின் குகேஷ் உலக சாம்பியன் ஆனதும் பிள்ளைகளுக்குத் தெரிந்தவையே.

காசு கொடுத்து வாங்கும் விளையாட்டுகளும் உண்டு. ஸ்டீம் என்ற கடையில் வாங்கினால் ஒருமுறை நெட்டில் நுழைந்து ஏற்றிய பிறகு, ஆஃப்லைன் மோடில் பல விளையாட்டுகளை ஆடலாம். ஆனால் 2024 ஜனவரி முதல் விண்டோஸ் 7-க்கு ஸ்டீம் ஆதரவு இல்லை. ஜி.ஓ.ஜி. என்ற கடை, நெட்டே கேட்காத தனி இன்ஸ்டாலரைக் கொடுக்கிறது. அதைப் பென் டிரைவில் போட்டு வைத்துக்கொள்ளலாம். வாங்கும் முன் "எப்போதும் நெட் தேவை" என்று எழுதியிருக்கிறதா என்று பார்த்து வாங்குங்கள்.

கையில் இருக்கும் விளையாட்டுக்கு இன்னொரு லாபமும் உண்டு. 2020 செப்டம்பர் 2 அன்று மத்திய அரசு பப்ஜி மொபைல் உள்ளிட்ட 118 செயலிகளைத் தடை செய்தது. அதில் காசு போட்டிருந்த பிள்ளைகளின் சட்டை, துப்பாக்கி எல்லாம் எட்டாமல் போயின. நம் டிஸ்க்கில் இருக்கும் சரக்கை அப்படி யாரும் தூரத்திலிருந்து எடுத்துக்கொள்ள முடியாது.

கடைசியாக, கதவைப் பூட்டுங்கள்

ஏற்றிய ஒவ்வொரு விளையாட்டையும் நெட் இருக்கும்போதே ஒருமுறை திறந்து பாருங்கள். சில விளையாட்டுகள் முதல் தடவை திறக்கும்போது படம், ஒலிக் கோப்புகளை இறக்கக் கேட்கும். பிறகு வைஃபையை அணைத்து, லேப்டாப்பை மறுபடி இயக்கி, எல்லாம் ஓடுகிறதா என்று சோதியுங்கள். ஓடினால் ஹாட்ஸ்பாட் பாஸ்வேர்டை லேப்டாப்பிலிருந்து நீக்கிவிடுங்கள். பிள்ளைக்குத் தனிக் கணக்கு ஒன்று போட்டு, நிர்வாகி பாஸ்வேர்டை நீங்கள் வைத்துக்கொள்ளுங்கள். சில லேப்டாப்புகளில் பயாஸ் அமைப்பிலேயே வைஃபையை நிறுத்தி, அதற்கும் ஒரு பாஸ்வேர்டு போடலாம்.

நெட் இல்லாத லேப்டாப்புக்கு வைரஸ் வரும் முக்கிய வாசல் பென் டிரைவ்தான். நண்பன் கொடுத்தான் என்று கண்டதைச் செருக விடாதீர்கள். திரையைக் கூடத்தில், பெரியவர்கள் கண்ணில் படும்படி வையுங்கள். விளையாடும் நேரத்தைப் பிள்ளையோடு பேசி முடிவு செய்து, அதைச் சுவரில் எழுதி ஒட்டுங்கள். கடையைத் திறந்து மூட நேரம் வைத்திருக்கும் நமக்கு இது கடினமல்ல.

செல்போன் சர்வீஸ் கடை நடத்தும் உறுப்பினர்களுக்கு

"ஒரு பென் டிரைவில் ஐம்பது கேம்" என்று திருட்டு நகல் ஏற்றிக் கொடுக்கும் பழக்கம் பல ஊர்களில் உண்டு. 1957-ம் ஆண்டு பதிப்புரிமைச் சட்டத்தின் 63-வது பிரிவின்படி இதற்கு ஆறு மாதம் முதல் மூன்று ஆண்டு வரை சிறையும், ரூ.50,000 முதல் ரூ.2 லட்சம் வரை அபராதமும் உண்டு. சில நூறு ரூபாய்க்காகக் கடையின் பெயரைப் பணயம் வைக்கலாமா?

நேர்வழியில் இதே தொழிலைச் செய்யலாம். மேலே சொன்ன ஜிகாம்பிரிஸ், சூப்பர்டக்ஸ்கார்ட், ஓப்பன் டி.டி.டி., ஸ்டாக்ஃபிஷ் ஆகியவை கட்டற்ற மென்பொருள்கள். இவற்றை நகல் எடுக்கவும், பிறருக்குக் கொடுக்கவும், அதற்குக் கூலி வாங்கவும் அவற்றின் உரிமமே அனுமதிக்கிறது. 1993 டிசம்பரில் அமெரிக்காவில் வெளிவந்த டூம் விளையாட்டின் முதல் பகுதி இப்படித்தான் பரவியது. அதை யாரும் நகலெடுத்துக் கொடுக்கலாம் என்று தயாரிப்பாளர்களே விட்டுவிட்டார்கள். பிளாப்பி டிஸ்க்கில் அது கைக்குக் கை மாறியது. பிடித்தவர்கள் மீதிப் பகுதியைக் காசு கொடுத்து வாங்கினார்கள்.

பழைய லேப்டாப்பைச் சுத்தம் செய்வது, கணக்கை நகல் எடுத்துக் கொடுப்பது, எஸ்.எஸ்.டி. போடுவது, லினக்ஸும் விளையாட்டுகளும் ஏற்றுவது, நெட்டைப் பூட்டுவது - இந்த ஐந்து வேலைக்கும் ஒரே கட்டணம் என்று முறையாகப் பில் போட்டுச் செய்யலாம். "பிள்ளைகளுக்கான நெட் இல்லாத லேப்டாப் செய்து தரப்படும்" என்று தமிழிலும், நகரி பக்கத்து வாடிக்கையாளருக்காகத் தெலுங்கிலும் ஒரு போர்டு வைத்தால் போதும். விடுமுறை தொடங்கும் ஏப்ரலுக்கு முன்பே உதிரி பாகங்களை வாங்கி வைத்துக்கொள்வது நல்லது.

மற்ற உறுப்பினர்கள் இன்றிரவு கடை மூடியதும் செய்ய வேண்டியது ஒன்று உண்டு. கடை செல்போனில் ஆட்டோபே பட்டியலைத் திறந்து, தெரியாத பெயர் ஏதாவது இருக்கிறதா என்று பாருங்கள். இருந்தால் ரத்து செய்யுங்கள். பின் எண்ணையும் மாற்றிவிடுங்கள். பரண் மேல் இருக்கும் லேப்டாப்பை நாளை இறக்கிக்கொள்ளலாம்.