காப்புரிமை வழக்கு வந்தால் எந்த நீதிமன்றம்? எதிர்க்கோரிக்கை பற்றி விவசாயிகள் தெரிந்துகொள்ள வேண்டியவை

உங்கள் வயலுக்கு ஏற்றபடி களையெடுக்கும் கருவி ஒன்றை லேத் பட்டறையில் சொல்லிச் செய்கிறீர்கள். நன்றாக ஓடுகிறது. பக்கத்து வயல்காரர் கேட்கிறார், அவருக்கும் ஒன்று. அடுத்த பட்டத்தில் இருபது பேர் கேட்கிறார்கள். கும்மிடிப்பூண்டி சிப்காட்டைச் சுற்றி வெல்டிங், லேத் வேலை தெரிந்தவர்களுக்குப் பஞ்சமில்லை, அதனால் இதில் அதிசயம் ஒன்றும் இல்லை. ஆனால் அந்தக் கருவியின் ஏதோ ஒரு பாகத்துக்கு ஒரு கம்பெனி காப்புரிமை வாங்கி வைத்திருந்தால், ஒருநாள் வக்கீல் நோட்டீஸ் வரலாம், பின்னாலேயே சம்மனும் வரலாம்.

காப்புரிமைச் சட்டம் 1970-ன்படி, காப்புரிமை பெற்ற பொருளை அனுமதியின்றிச் செய்வது, விற்பது மட்டுமல்ல, பயன்படுத்துவதும் மீறல்தான். உரிமைக் காலம் 20 ஆண்டுகள். எனவே முதலில் பார்க்க வேண்டியது, நோட்டீஸில் உள்ள காப்புரிமை எண் இன்னும் உயிரோடு இருக்கிறதா என்பதை.

அடுத்தது, வழக்கு எங்கே நடக்கும் என்பது. முன்சீப் நீதிமன்றத்திலோ சார்பு நீதிமன்றத்திலோ இந்த வழக்கைப் போட முடியாது. சட்டத்தின் 104-ஆம் பிரிவு, மாவட்ட நீதிமன்றத்துக்குக் குறைந்த எந்த நீதிமன்றமும் இதை எடுக்கக் கூடாது என்கிறது. சென்னை உயர் நீதிமன்றத்தில் நேரடியாக உரிமையியல் வழக்குத் தொடுப்பது சென்னை நகர எல்லைக்குள் எழும் விவகாரங்களுக்கே. ஆகவே, நீங்கள் கும்மிடிப்பூண்டியில் செய்து கும்மிடிப்பூண்டியிலேயே விற்றிருந்தால் வழக்கு திருவள்ளூர் மாவட்ட நீதிமன்றத்துக்கு வர வேண்டும். வணிகச்சின்னம், பதிப்புரிமை வழக்குகளில் கம்பெனி தன் ஊரிலேயே வழக்குப் போடச் சட்டம் இடம் தருகிறது. காப்புரிமைச் சட்டத்தில் அந்தச் சலுகை இல்லை. எதிர்வாதி இருக்கும் இடம் அல்லது மீறல் நடந்த இடம்தான் கணக்கு. ஆனால் எல்லை தாண்டித் தடாவில் நான்கு கருவி விற்றிருந்தால், ஆந்திர நீதிமன்றத்துக்கும் நீங்கள் அலைய நேரலாம். எங்கே விற்றோம் என்ற கணக்கை வைத்திருங்கள் என்று நான் சொல்வது இதற்காகவும்தான்.

இனி எதிர்க்கோரிக்கை. வழக்கு வந்ததும் "நான் மீறவில்லை" என்று சொல்வது ஒரு வழி. "இந்தக் காப்புரிமையே செல்லாது, இதை முன்பே நாங்கள் பயன்படுத்தி வருகிறோம்" என்பது இன்னொரு வழி. இந்த இரண்டாவது வாதத்தை இரண்டு விதமாக வைக்கலாம். வெறும் தற்காப்பாகச் சொன்னால் (107-ஆம் பிரிவு) வழக்கு திருவள்ளூரிலேயே நடக்கும். வென்றால் நீங்கள் தப்பித்தீர்கள், காப்புரிமை பதிவேட்டில் அப்படியே இருக்கும். 64-ஆம் பிரிவின் கீழ் "ரத்து செய்யுங்கள்" என்று எதிர்க்கோரிக்கையாகவே வைத்தால், மொத்த வழக்கும் உயர் நீதிமன்றத்துக்கு மாற்றப்பட்டே ஆக வேண்டும். மாவட்ட நீதிபதிக்கு இதில் விருப்பம் என்று ஒன்று இல்லை. தடா விவகாரமாக இருந்தால் அது அமராவதிக்குப் போகும்.

செலவைப் பார்த்தால் ஒற்றை ஆளுக்குத் தற்காப்பு போதும் என்பது என் கருத்து. பல பேர் ஒரே கருவியைப் பயன்படுத்துகிறீர்கள், ஒவ்வொருவருக்கும் நோட்டீஸ் வரும் நிலை என்றால் சேர்ந்து எதிர்க்கோரிக்கைக்குப் போவது மேல். அலைச்சலைப் பொறுத்தவரை, கும்மிடிப்பூண்டியிலிருந்து சென்னைக்கு நேரே மின்சார ரயில் இருக்கிறது, திருவள்ளூர் போவதுதான் சுற்று! எதிர்க்கோரிக்கைக்கு இன்னொரு பலமும் உண்டு. கம்பெனி பாதியில் வழக்கை வாபஸ் வாங்கினாலும் உங்கள் எதிர்க்கோரிக்கை தனியாகத் தொடரலாம்.

ஆனால் எதிர்க்கோரிக்கை என்பது மந்திரக்கோல் அல்ல. பி.டி. பருத்தி வழக்கை எடுத்துக்கொள்ளுங்கள். மான்சான்டோ நிறுவனம் டெல்லி உயர் நீதிமன்றத்தில் வழக்குப் போட்டது. நுசிவீடு விதை நிறுவனம், செடி, விதை ஆகியவற்றுக்குக் காப்புரிமை கிடையாது என்னும் 3(ஜே) பிரிவைக் காட்டி எதிர்க்கோரிக்கை வைத்தது. 2018 ஏப்ரலில் இரு நீதிபதிகள் அமர்வு காப்புரிமை செல்லாது என்றது. 2019 ஜனவரி 8 அன்று உச்ச நீதிமன்றம் அதை ரத்து செய்தது. இவ்வளவு நுட்பமான விஷயத்தைச் சாட்சி விசாரணை இல்லாமல் முடிவு செய்யக் கூடாது என்று சொல்லித் தனி நீதிபதியிடமே திருப்பி அனுப்பியது. கடைசியில் இரு தரப்பும் சமரசம் செய்துகொண்டன.

சாட்சி என்றால் என்ன? காப்புரிமை விண்ணப்பத் தேதிக்கு முந்தைய பட்டறை ரசீது, தேதியுள்ள படம், கண்காட்சித் துண்டறிக்கை, திரூர் வேளாண் அறிவியல் நிலையப் பயிற்சிக் குறிப்பு. ஊர் மக்கள் வாய்மொழியாகவே அறிந்திருந்த அறிவும் 64-ஆம் பிரிவில் ரத்துக்கு ஒரு காரணம். கருவிமேல் காப்புரிமை எண் இல்லாமல், காப்புரிமை இருப்பது தெரியாமல் செய்தீர்கள் என்று நிரூபித்தால் நஷ்டஈடு கிடையாது. தடை உத்தரவு மட்டும் வரலாம்.

விதைக்குச் சட்டம் வேறு. பயிர் ரகப் பாதுகாப்பு மற்றும் விவசாயிகள் உரிமைச் சட்டம் 2001-ன் 39-ஆம் பிரிவின்படி, பாதுகாக்கப்பட்ட ரகமே ஆனாலும் விதையைச் சேமிக்கலாம், விதைக்கலாம், பரிமாறலாம், விற்கலாம். பிராண்டு பெயர் போட்டு விற்பதுதான் தவறு. 2019-ல் குஜராத் உருளைக்கிழங்கு விவசாயிகள் நால்வர்மீது பெப்சிகோ தலா 1.05 கோடி ரூபாய் கேட்டு வழக்குப் போட்டது, எதிர்ப்புக்குப் பின் வாபஸ் வாங்கியது. இந்தச் சட்டத்தில் பதிவை ரத்து செய்யக் கேட்கும் இடம் டெல்லியில் உள்ள ஆணையம். 2021 டிசம்பரில் அந்த ஆணையம் பதிவை ரத்து செய்தது. 2024 ஜனவரியில் டெல்லி உயர் நீதிமன்ற அமர்வு அந்த ரத்தை நீக்கிவிட்டது.

நோட்டீஸைப் பரணில் போட்டுவிட்டு இருப்பதுதான் ஆபத்து. வணிக வழக்காகப் பதிவானால், சம்மன் கிடைத்த 30 நாளில் பதிலுரை போட வேண்டும். நீதிமன்றம் நீட்டித்தாலும் 120 நாளுக்கு மேல் ஒரு நாள்கூடக் கிடையாது. எதிர்க்கோரிக்கையையும் அதோடு சேர்த்தே தாக்கல் செய்வதுதான் பத்திரம். வக்கீல் செலவுக்கு வழியில்லாதவர்கள், பெண்கள், பட்டியல் இனத்தவர், பழங்குடியினர் ஆகியோர் மாவட்டச் சட்டப்பணிகள் ஆணைக்குழுவில் இலவச உதவி கேட்கலாம். உதவி எண் 15100.