வாசலும் பார்வையும்

அடுத்தவர் வாழ்வை எட்டிப் பார்ப்பவர் ஊமைப்பட நகைச்சுவைக்குப் பழகிய பாத்திரம். பிரிட்டனைச் சேர்ந்த ஜார்ஜ் ஆல்பர்ட் ஸ்மித் 1900இல் எடுத்த ஒரு படம் ஏறக்குறைய ஒரு நிமிடமே ஓடும். தெருவில் ஒரு பெண்ணின் காலணி நாடாவை ஓர் ஆடவர் கட்டிவிடுகிறார். முதியவர் ஒருவர் அதைத் தொலைநோக்கியால் உற்று நோக்குகிறார். அவர் காணும் காட்சி வட்ட வடிவில் திரையை நிறைக்கிறது. பின்னர் அவ்வழியே வரும் ஆடவர் முதியவரை அடிக்கிறார், அரங்கம் சிரிக்கிறது.

அந்த வட்டத்தின் வழியே அரங்கத்தினரும் பார்த்தார்கள். அடி மட்டும் முதியவருக்கு!

இந்த முரணை பஸ்டர் கீட்டன் அறிந்திருந்தார். 1920இல் வெளிவந்த அவருடைய ‘ஒன் வீக்’ என்னும் குறும்படத்தில், தொட்டியில் குளிக்கும் மனைவியின் சோப்பு தரையில் விழுகிறது. அவள் அதை எடுக்க முனையும்போது ஒரு கை குறுக்கே வந்து கேமராவின் கண்ணை மூடிவிடுகிறது. அவள் நாணம் காக்கப்படுகிறது. எட்டிப் பார்த்தவர் நாமே என்பதும் உணர்த்தப்படுகிறது.

இந்த உணர்வு இஸ்லாமிய மரபுக்குப் புதிதன்று. பிறர் இல்லங்களில் அனுமதியின்றி நுழைவதைத் திருக்குர்ஆன் (24:27) தடுக்கிறது. துருவி ஆராய்வதையும் (49:12) விலக்குகிறது. தமது இல்லத்துத் துவாரம் வழியே ஒருவர் எட்டிப் பார்த்தபோது, அனுமதி கோரும் முறை பார்வையின் பொருட்டே ஏற்பட்டது என்ற கருத்தை நபிகள் நாயகம் (ஸல்) கடுமையாக உணர்த்தியதாக புகாரி, முஸ்லிம் ஆகிய நூல்கள் அறிவிக்கின்றன. கால் வாசற்படியைத் தாண்டாவிடினும், கண் தாண்டினால் அத்துமீறலே.

போரூரை அடுத்த ஐயப்பன்தாங்கல் போன்ற புறநகர்களின் அடுக்குமாடிக் குடியிருப்புகளில் வாசலுக்கு எதிரே வாசல், பால்கனிக்கு எதிரே பால்கனி. திருட்டுக்கு அஞ்சிப் பொருத்தும் கண்காணிப்புக் கேமரா, எதிர்வீட்டார் வருவதையும் போவதையும் இரவுபகலாகப் பதிவு செய்யக்கூடும். அந்தரங்கம் அடிப்படை உரிமையே என்று உச்ச நீதிமன்றத்தின் ஒன்பது நீதிபதிகள் அமர்வு 2017 ஆகஸ்ட் 24 அன்று தீர்ப்பளித்தது. ஆயினும், இரண்டு கதவுகளுக்கு இடையேயுள்ள நான்கடி நடைபாதையில் அவ்வுரிமையைக் காக்க வேண்டியவர்கள் அண்டை வீட்டாரே.

காவல் வேண்டாம் என்பதன்று நம் கருத்து. அனுமதி கேட்பவர் கதவுக்கு நேரெதிரே நில்லாமல் ஒருபக்கமாக விலகி நிற்பது நபிவழி. கேமராவைப் பொருத்துவோரும் அவ்வாறே அதன் முகத்தைத் தம் வாசலின் பக்கம் சற்றே திருப்பி வைக்கலாம்.