காது குத்தப் போறீங்களா? கொஞ்சம் காது கொடுங்க!



யாராவது பொய் சொன்னால் "எனக்கே காது குத்துறியா?" என்று கேட்போம். ஆனால் இந்தக் கட்டுரை நிஜமாகவே காது குத்துவதைப் பற்றியது. கோடை விடுமுறை முடிந்து பள்ளி திறந்ததும் பாருங்கள். ஒருத்தி புது மூக்குத்தியோடு வருவாள், இன்னொருத்தி இரண்டாவது கம்மலோடு வருவாள், ஒரு பையன் மேல் காதில் சின்ன வளையத்தோடு வருவான். பார்க்க அழகாத்தான் இருக்கு. ஆனால் பத்து நாள் கழித்து அதில் சிலருக்குக் காது வீங்கிச் சிவந்துவிடுகிறது. வீட்டுக்குத் தெரியாமல் குத்திக்கொண்டவர்கள் வலியையும் சேர்த்து மறைக்கிறார்கள். மறைக்க மறைக்கத்தான் ஆபத்து அதிகம்.

எனவே முதலில் ஒன்றை மனசில் பதிய வையுங்கள். குத்திய அன்று உங்கள் காதில் இருப்பது ஒரு காயம். அது ஆறும் வரை அதை நகையாக நினைக்காமல் காயமாகவே பார்த்துக்கொள்ள வேண்டும். கீழே நான் சொல்லப்போவது எல்லாம் இந்த ஒரே விஷயத்திலிருந்து வருவதுதான்.

அன்று முதல் இன்று வரை

1991இல் ஆல்ப்ஸ் மலைப் பனியில் ஏறத்தாழ 5,300 ஆண்டுகளுக்கு முன் இறந்த ஒரு மனிதனின் உடல் கிடைத்தது. 'ஓட்ஸி' என்று அவனுக்குப் பெயர் வைத்தார்கள். அவன் காதிலும் துளை இருந்தது! நம் தென் மாவட்டங்களில் பாம்படமும் தண்டட்டியும் போட்டுக் காது தோள் வரை தொங்கிய பாட்டிமார்களைப் பலரும் பார்த்திருப்போம். மேல் காதில் குத்துவதும் புது ஃபேஷன் ஒன்றும் இல்லை. கொப்பு, முருகு என்று அந்தக் காலத்திலேயே போட்டிருக்கிறார்கள்.

சுஸ்ருத சம்ஹிதை என்னும் பழைய மருத்துவ நூலில் காது குத்துவதற்கென்றே தனியாக ஒரு பகுதி இருக்கிறது. காதைச் சூரிய ஒளியில் பிடித்து, வெளிச்சம் ஊடுருவித் தெரியும் மெல்லிய இடமாகப் பார்த்துக் குத்த வேண்டும் என்கிறது. ரத்தக் குழாயில் ஊசி படக் கூடாது என்பதற்காகத்தான் இது. அறுந்து போன காதை ஒட்டவைக்கப் பதினைந்து முறைகளையும் அந்த நூல் சொல்கிறது. அப்படியென்றால் அந்தக் காலத்திலேயே இதை வைத்தியனின் வேலையாகத்தான் நினைத்திருக்கிறார்கள்!

கீழ்க் காது வேறு, மேல் காது வேறு

காதின் கீழே மெத்தென்று தொங்கும் பகுதியைத் தொட்டுப் பாருங்கள். அதில் தோலும் கொழுப்புச் சதையும்தான் இருக்கின்றன. ரத்த ஓட்டம் நன்றாக இருப்பதால் அது 6 முதல் 8 வாரங்களில் ஆறிவிடும்.

இப்போது மேல் காதைத் தொடுங்கள். கெட்டியாக, வளைக்க முடிகிற மாதிரி இருக்கிறதா? அதுதான் குருத்தெலும்பு. உயிரியல் பாடத்தில் படித்திருக்கிறோம். குருத்தெலும்புக்குள் ரத்தக் குழாய் கிடையாது. மேலே போர்த்தியிருக்கும் மெல்லிய சவ்விலிருந்துதான் அதற்குச் சத்து போகிறது. கிருமியோடு சண்டை போடும் வெள்ளை அணுக்களும், நாம் சாப்பிடும் மருந்தும் ரத்தத்தின் வழியாகத்தானே போக வேண்டும்? ரத்தம் இல்லாத இடத்துக்கு அவை மெதுவாகத்தான் போய்ச் சேரும். அதனால் மேல் காது ஆற 6 மாதம் முதல் ஓர் ஆண்டு வரை ஆகலாம். அங்கே சீழ் பிடித்துக் கவனிக்காமல் விட்டால் குருத்தெலும்பு அழுகிச் சுருங்கி, காதின் வடிவமே மாறிவிடும். அப்புறம் பழைய காது திரும்ப வராது.

ஒரு கணக்குப் போட்டுப் பாருங்களேன். மே 1ஆம் தேதி கீழ்க் காதில் குத்தினால் ஜூன் கடைசிக்குள் ஆறிவிடும். அதே நாளில் மேல் காதில் குத்தினால் அரையாண்டுத் தேர்வு, சில பேருக்குப் பொதுத் தேர்வு வரைக்கும் கூட அதைக் காயமாகவே பார்த்துக்கொள்ள வேண்டியிருக்கும். மூக்கின் பக்கவாட்டில் குத்தினால் நாலு மாதத்துக்கு மேல் ஆகலாம். "அடுத்த வாரம் கல்யாணம், இந்த வாரம் குத்திக்கலாம்" என்பது சரிப்படாது.

எங்கே குத்துவது? எதால் குத்துவது?

காது குத்தும் ஊசியில் முன்பு குத்தியவரின் ரத்தம் கண்ணுக்குத் தெரியாத அளவு ஒட்டியிருந்தாலும் போதும். ஹெபடைட்டிஸ் 'பி', ஹெபடைட்டிஸ் 'சி', எச்.ஐ.வி. மூன்றும் அதன் வழியே பரவலாம். இதில் ஹெபடைட்டிஸ் 'பி' வைரஸ் உடலுக்கு வெளியே குறைந்தது 7 நாட்கள் உயிரோடு இருக்கும். ஹெபடைட்டிஸ் 'சி'க்கு இன்று வரை தடுப்பூசி இல்லை.

"ஊசியை மெழுகுவர்த்தியில் சுட்டுட்டோம்", "வெந்நீரில் போட்டு எடுத்துட்டோம்" என்று சிலர் சொல்வார்கள். மெழுகுவர்த்தியில் காட்டினால் ஊசியில் கரிதான் ஒட்டும். டெட்டனஸ் கிருமியின் வித்துகள் 100 டிகிரியில் கொதிக்கும் நீரிலும் தப்பிவிடும். அதனால்தான் மருத்துவமனையில் 'ஆட்டோகிளேவ்' வைத்திருக்கிறார்கள். நம் வீட்டு பிரஷர் குக்கர் தத்துவம்தான் அதுவும். அழுத்தத்தை ஏற்றி, நீராவியை 121 டிகிரி செல்சியஸுக்குக் கொண்டுபோய், குறைந்தது 15 நிமிடம் வைக்கிறார்கள்.

அடுத்தது 'கன்' என்று சொல்லும் துப்பாக்கிக் கருவி. ஃபேன்சி ஸ்டோரில் 'டப்' என்று ஒரு நொடியில் முடிந்துவிடும். ஆனால் பல கருவிகளில் கைப்பிடி பிளாஸ்டிக். ஆட்டோகிளேவில் வைத்தால் உருகிவிடும் என்பதால் பஞ்சால் துடைத்துவிட்டு அடுத்தவருக்குக் குத்துகிறார்கள். மேலும் அது மொக்கையான கம்மல் முனையை வேகமாகச் சதைக்குள் தள்ளுகிறது. மேல் காதிலும் மூக்கிலும் அதைப் பயன்படுத்தினால் குருத்தெலும்பு நசுங்கிவிடும். அந்த இரண்டு இடத்துக்கும் கன் வேண்டவே வேண்டாம்.

குத்துவதற்கு முன் வெட்கப்படாமல் இந்த ஐந்தையும் கேளுங்கள்:

1. ஊசி புதுசா? உறையை என் கண் முன்னால் பிரிப்பீர்களா?
2. சோப்பு போட்டுக் கை கழுவி, புதுக் கையுறை போடுவீர்களா?
3. குத்தும் இடத்தைக் கிருமிநாசினியால் துடைப்பீர்களா?
4. போடப்போகும் கம்மல் கிருமி நீக்கம் செய்ததா?
5. பயன்படுத்திய ஊசியை எங்கே போடுவீர்கள்?

பதில் சொல்ல எரிச்சல்படுகிறவரிடம் காதைக் கொடுக்காதீர்கள். முடிந்தால் மருத்துவரிடமே குத்திக்கொள்ளலாம். குலதெய்வக் கோவிலில் தாய்மாமன் மடியில் உட்கார வைத்துத்தான் குத்துவோம் என்றால் தாராளமாகச் செய்யுங்கள். குத்துகிற ஆசாரியிடம் மேலே சொன்ன ஐந்தையும் வீட்டுப் பெரியவர்களைக் கேட்கச் சொல்லுங்கள். மாமா மடிக்கும் சுத்தமான ஊசிக்கும் சண்டை கிடையாது!

விடுதியில் தோழிகளே சேஃப்டி பின்னால் ஒருவருக்கொருவர் குத்திக்கொள்ளும் பழக்கத்தை மட்டும் தயவுசெய்து விட்டுவிடுங்கள். நட்பு பெரிசுதான், ஆனா ஒரே ஊசி வேண்டாம்.

எந்தக் கம்மல் போடலாம்?

புதுத் துளையில் கவரிங் கம்மல் போடக் கூடாது. மலிவான நகைகளில் நிக்கல் என்ற உலோகம் கலந்திருக்கலாம். அது பலருக்கு ஒத்துக்கொள்ளாது. அரிக்கும், தடிக்கும், நீர் வடியும். ஒரு முறை நிக்கல் ஒவ்வாமை வந்துவிட்டால் பெரும்பாலும் வாழ்நாள் முழுவதும் இருக்கும். அப்புறம் பெல்ட் பக்கிள், வாட்ச் பட்டை பட்டால் கூட அரிக்கும். ஐரோப்பிய ஒன்றியம் 1994இலேயே இதற்காகக் கட்டுப்பாடு கொண்டுவந்தது.

நல்ல தங்கம் அல்லது மருத்துவத் தரமுள்ள டைட்டானியம் நல்லது. (916 தங்கம் என்றால் 91.6 சதவீதம் தங்கம் என்று பொருள்.) கம்மல் சிறியதாக, வழவழப்பாக, கனமில்லாமல் இருக்கட்டும். முக்கியமாகத் திருகாணியை இறுக்கி முடுக்காதீர்கள். குத்திய இடம் இரண்டு மூன்று நாள் வீங்கும். இறுக்கமாக இருந்தால் திருகாணி சதைக்குள்ளேயே புதைந்துவிடும்.

குத்திய பிறகு

* கை கழுவாமல் காதைத் தொடாதீர்கள். மற்றவர்களையும் தொட விடாதீர்கள்.
* மருந்துக் கடையில் 'நார்மல் சலைன்' என்று கேளுங்கள். 0.9 சதவீத உப்புக் கரைசல் அது. தினம் இரண்டு வேளை அதனால் கழுவி, சுத்தமான காஸ் துணியால் ஒற்றி எடுங்கள். பஞ்சு வேண்டாம், அதன் இழை கம்மலில் சிக்கிக்கொள்ளும்.
* கம்மலைத் தினமும் திருகிவிடும் வழக்கம் நம்மிடம் உண்டு. இப்போது அதை வேண்டாம் என்கிறார்கள். திருகும்போது உள்ளே புதிதாக வளரும் தோல் கிழிகிறது.
* ஸ்பிரிட், ஹைட்ரஜன் பெராக்ஸைடு, தண்ணீர் கலக்காத டெட்டால் ஊற்றாதீர்கள். கிருமியோடு சேர்த்துப் புதுச் செல்களையும் அவை கொன்றுவிடும்.
* தலையணை உறையை அடிக்கடி மாற்றுங்கள். செல்போனை அடுத்த காதில் வைத்துப் பேசுங்கள்.
* ஆறும் வரை குளம், கிணறு, ஆற்றில் முங்கிக் குளிக்க வேண்டாம்.
* தலைக்கு எண்ணெய் தேய்க்கும்போது காதுப் பக்கம் வழியாமல் பார்த்துக்கொள்ளுங்கள். சீப்பு மாட்டாமல் சீவுங்கள்.
* பி.டி. பீரியடில் கபடி, கோ-கோ ஆடும்போது வளையமோ ஜிமிக்கியோ இருந்தால் காதே அறுந்துவிடலாம்.

சந்தேகமா? இதோ பதில்!

*பாட்டி மஞ்சளும் எண்ணெயும் குழைத்துத் தடவச் சொல்றாங்களே?*

பாட்டி மேல் குற்றமில்லை. அன்று அவர்களுக்குக் கிடைத்தது அதுதான். ஆனால் கடை மஞ்சள் தூள் கிருமி நீக்கம் செய்தது இல்லை. எண்ணெய் தூசியைப் பிடித்து வைத்துக்கொள்ளும். துடைப்பக் குச்சி, வேப்பங்குச்சி செருகுவதும் அப்படித்தான். மண்ணிலும் சாணத்திலும் டெட்டனஸ் கிருமி இருக்கிறது, தரையைக் கூட்டிய குச்சியில் இருக்காதா?

*டெட்டனஸ் ஊசி போட வேண்டுமா?*

10 வயதிலும் 16 வயதிலும் பள்ளியிலோ சுகாதார நிலையத்திலோ 'டி.டி.' தடுப்பூசி போடுகிறார்கள். அதைத் தவறவிட்டவர்கள் காது குத்துவதற்கு முன் ஆரம்ப சுகாதார நிலையத்தில் கேளுங்கள்.

*வெள்ளையாக ஏதோ காய்ந்து ஒட்டியிருக்கு, சீழா?*

முதல் சில நாட்கள் தெளிந்த அல்லது வெளிர் மஞ்சள் நீர் கசிந்து காய்வது இயல்பு. நகத்தால் பிய்க்காமல் சலைனால் ஊற வைத்து எடுங்கள்.

*யாரெல்லாம் மருத்துவரைக் கேட்காமல் குத்தக் கூடாது?*

சர்க்கரை நோய், இதய வால்வு கோளாறு, ரத்தம் உறையாத நோய் உள்ளவர்கள் கேட்டே ஆக வேண்டும். சிலருக்குக் காயம் ஆறிய பிறகும் வடு வளர்ந்துகொண்டே போய் உருண்டையாகத் தொங்கும். இதற்குக் கெலாய்டு என்று பெயர். வீட்டில் யாருக்காவது அப்படி இருந்தால் நன்றாக யோசியுங்கள்.

*நாக்கு, புருவம், தொப்புள்?*

நாக்கில் குத்தினால் வீக்கம் மூச்சை அடைக்கலாம், உலோகம் இடித்துப் பல் உடையலாம். நம் வயதில் இதெல்லாம் வேண்டாமே!

உடனே மருத்துவரிடம் போக வேண்டிய அறிகுறிகள்

சிவப்பு குறையாமல் பரவுவது, தொட்டால் சுடுவது, நாற்றத்துடன் கெட்டியான மஞ்சள் அல்லது பச்சைச் சீழ், துடிக்கும் வலி, காய்ச்சல். மேல் காது வீங்கினால் ஒரு நாள் கூடத் தள்ளிப்போடாதீர்கள். மூக்கில் சீழ் வந்தால் பிதுக்கவே கூடாது. அங்குள்ள ரத்தக் குழாய்களுக்கு மூளைப் பக்கம் தொடர்பு இருக்கிறது. பயந்து போய்க் கம்மலை நீங்களே கழற்றவும் வேண்டாம். துளை மூடிக்கொண்டு சீழ் உள்ளேயே தங்கிவிடும். கழற்றலாமா வேண்டாமா என்பதை மருத்துவர் சொல்லட்டும்.

ஆசிரியர்களுக்கு ஒரு பணிவான வேண்டுகோள். புதிதாகக் குத்திய மாணவரை வகுப்பிலேயே கழற்றச் சொல்லாமல், பெற்றோரை அழைத்துப் பேசுங்கள். காது சிவந்திருந்தால் முதலில் மருத்துவரிடம் அனுப்பி வையுங்கள், திட்டுவதை அப்புறம் வைத்துக்கொள்ளலாம்!

நண்பர்களே, வீட்டில் சொல்லிவிட்டே குத்திக்கொள்ளுங்கள். ஏற்கெனவே சொல்லாமல் குத்தி, இப்போது வலிக்கிறது என்றால் இன்று மாலையே அம்மாவிடம் சொல்லிவிடுங்கள். அம்மா திட்டினால் ஒரு நாளில் மறந்துவிடும். காது போனால் போனதுதான்.

குத்தும் முன்னே கேளுங்க,
குத்திய பின்னே பொறுங்க,
வலித்தால் வாய் திறங்க!

— அறிவியல் மன்றம்,
10ஆம் வகுப்பு 'ஆ' பிரிவு