கிரிவலம் எத்தனை காதம்?

திருவண்ணாமலையை அடுத்த வேங்கிக்காலில், வீட்டு மொட்டை மாடியில் அக்கா மகளுக்குக் கதை சொல்லிக்கொண்டிருந்தேன். எதிரே அண்ணாமலை. "இளவரசன் ஏழு காதம் நடந்து அந்தக் காட்டுக்குப் போனான்" என்றதும் என்னை நிறுத்திவிட்டாள்.

"மாமா, காதம்னா எத்தனை கிலோமீட்டர்? நம்ம மலையைச் சுத்தினா எத்தனை காதம் வரும்?"

கிரிவலப் பாதை சுமார் 14 கிலோமீட்டர். வகுத்தால் விடை வந்துவிடும் என்று நினைத்தேன். ஆனால் ஒன்றுக்கு மூன்று விடைகள் வந்தன.

பழைய வாய்பாடு இப்படிப் போகிறது: 12 விரல் ஒரு சாண். 2 சாண் ஒரு முழம். முழங்கள் சேர்ந்தால் ஒரு கோல். 500 கோல் ஒரு கூப்பீடு. ஒருவர் கூப்பிட்டால் காதில் விழும் தூரம் என்பது அந்தப் பெயரிலேயே இருக்கிறது. 4 கூப்பீடு ஒரு காதம்.

கோலுக்கு எத்தனை முழம் என்பதில்தான் சிக்கல். முழத்துக்கு ஒன்றரை அடி என்று வைத்து, 4 முழக் கோலால் கணக்கிட்டால் காதம் 12,000 அடி, அதாவது 3.7 கிலோமீட்டர். கிரிவலம் ஏறத்தாழ 4 காதம். கோலுக்கு 8 முழம் என்றால் காதம் 7.3 கிலோமீட்டர், கிரிவலம் 2 காதத்துக்குச் சற்றுக் குறைவு. காதம் சுமார் 10 மைல் என்று சொல்லும் அகராதியை நம்பினாலோ கிரிவலம் ஒரு காதம்கூட இல்லை! மலையும் பாதையும் இருந்த இடத்திலேயே இருக்கின்றன. மாறியதெல்லாம் கோல்தான்.

யாருடைய கை?

கோலுக்கு அடிப்படை முழம். முழத்துக்கு அடிப்படை ஒருவருடைய கை. பூக்காரம்மா மல்லிகைச் சரத்தை முழங்கையில் பிடித்து நடுவிரல் நுனிவரை இழுத்து, "ஒரு முழம்" என்று கிள்ளித் தருவதைத் தினமும் பார்க்கிறோம். உங்கள் கையில் டேப்பை வைத்துப் பாருங்கள். சரியாக 18 அங்குலம் வருவது அபூர்வம். பூவில் விரலளவு குறைந்தால் யாரும் சண்டைக்குப் போவதில்லை. நிலத்தில் அப்படி விட முடியுமா?

சோழர்களால் விட முடியவில்லை. 1001-ஐ ஒட்டி முதலாம் இராஜராஜன் நாட்டை அளக்கச் செய்தான். 1086-இல் முதலாம் குலோத்துங்கன் மீண்டும் அளக்கச் செய்தான். கல்வெட்டுகளில் 16 சாண் கோல் வருகிறது; அது 8 முழம். குலோத்துங்கன் காலத்தில் அரசனின் பாதத்தையே அளவாகக் கொண்ட ஸ்ரீபாதக்கோலும் வருகிறது.

மூங்கில் கோல் வளையும், தேயும், உடையும். வேண்டுமென்றே அதைக் குறைப்பவர்களும் இருப்பார்கள். அதற்குச் செய்த ஏற்பாடுதான் என்னை வியக்க வைக்கிறது. கோலின் நீளத்தைக் கோயில் சுவரிலோ அதிட்டானம் எனும் அடித்தளத்திலோ ஒரு கோடாக வெட்டி, இரண்டு முனையிலும் குறியிட்டார்கள். பல கோயில்களில் இன்றும் அதைப் பார்க்கலாம். அளவில் சந்தேகம் வந்தால் கோலைக் கொண்டுபோய்க் கல்லில் வைத்துப் பார்க்கலாம். எல்லாரும் வந்துபோகும் இடத்தில், எல்லாரும் பார்க்க, அளவு நின்றது.

பல நூற்றாண்டுகள் கழித்துப் பாரிசிலும் இதையே செய்தார்கள். பூமத்திய ரேகையிலிருந்து வடதுருவம் வரையுள்ள தூரத்தில் ஒரு கோடியில் ஒரு பங்குதான் மீட்டர் என்று 1791-இல் முடிவானது. அந்தப் புதிய அளவு மக்களுக்குப் பழக வேண்டும் என்று 1796-97-இல் தெருச் சுவர்களில் பளிங்கு மீட்டர்களைப் பதித்தார்கள்.

செண்டுக்குள் ஒரு சங்கிலி

வேங்கிக்காலில் மனை விசாரித்தால் செண்டுக் கணக்கில்தான் சொல்வார்கள். ஒரு செண்டு 435.6 சதுர அடி. இந்த விநோதமான எண், இங்கிலாந்துக்காரர் எட்மண்ட் கன்டரின் நில அளவைச் சங்கிலியிலிருந்து வந்தது. அதன் நீளம் 66 அடி. 66-ஐ 66-ஆல் பெருக்கினால் 4,356 சதுர அடி. அதில் பத்தில் ஒரு பங்கு செண்டு. இதே ஊரில் இருக்கும் ஆட்சியர் அலுவலகத்தின் பட்டாக் கணக்கோ ஹெக்டேரிலும் ஏரிலும் இருக்கும். பேச்சில் சங்கிலி, காகிதத்தில் மீட்டர். 1956-இல் இந்தியா மெட்ரிக் சட்டம் கொண்டுவந்த பிறகும் சங்கிலி நம் வாயை விட்டுப் போகவில்லை.

உலோகச் சங்கிலியும் நம்பத்தக்கதல்ல. 30 மீட்டர் எஃகு டேப் 20 டிகிரி கூடுதலாகச் சூடேறினால் சுமார் 7 மில்லிமீட்டர் நீளும். 1802-இல் பரங்கிமலைப் பக்கம் பெரிய நில அளவையைத் தொடங்கிய வில்லியம் லாம்டன், எஃகுச் சங்கிலியோடு வெப்பமானியையும் கூடவே வைத்துக்கொண்டது இதனால்தான்.

உலோகத்தை நம்பாத அறிவியல் கடைசியில் ஒளியிடம் போய்ச் சேர்ந்தது. 1983 முதல் மீட்டர் என்பது, வெற்றிடத்தில் ஒளி ஒரு விநாடியின் 29,97,92,458-இல் ஒரு பங்கு நேரத்தில் போகும் தூரம். புது தில்லியின் தேசிய இயற்பியல் ஆய்வகம் லேசரைக் கொண்டு அதைக் காக்கிறது. ஒளி தேயாது, வளையாது. அரசன் மாறினாலும் மாறாது. கிரிவலத் தூரத்தை அது ஒரு விநாடியின் பத்து லட்சத்தில் 47 பங்கு நேரத்தில் கடந்துவிடும்.

இதையெல்லாம் சொல்லி முடித்தபோது, "அப்போ நம்ம கதைக்கு எந்தக் கோல், மாமா?" என்றாள். கற்பனை நாட்டுக்கும் ஒரு கோல் வேண்டும் என்பது அவளுக்குப் புரிந்துவிட்டது. செங்கல் துண்டை எடுத்தாள். தன் கையால் நான்கு முழம் அளந்து மாடிச் சுவரில் கோடு போட்டாள். இரண்டு முனையிலும் குறி வைத்தாள்.

இனி எங்கள் வீட்டுக் கதைகளில் காதம் என்றால், அந்தச் சுவர்க்கோலில் 2,000.