'த்லென்': போலந்து மொழிக் கலைச்சொல் ஒன்றின் ஆக்கமும் வழக்கும்

ஒரு கலைச்சொல் அறிவியல் கோட்பாடு ஒன்றைப் பெயரிலேயே சுமக்குமாயின், அக்கோட்பாடு பிழையெனத் தெரிந்தபின் அச்சொல்லின் நிலை யாது? ஆக்சிஜனைக் குறிக்கும் 'த்லென்' என்னும் போலந்துச் சொல்லின் வழி இவ்வினாவை இக்கட்டுரை ஆராய்கிறது.

அமிலங்கள் அனைத்திலும் இவ்வளி உண்டு எனக் கருதிய இலவாசியே, 'அமிலத்தைப் பிறப்பிப்பது' எனப் பொருள்படக் கிரேக்க வேர்களால் இதற்குப் பெயரிட்டார். செருமானிய மொழியின் 'சாவர்ஸ்டாஃப்', உருசிய மொழியின் 'கிஸ்லரோத்' ஆகியன இக்கருத்தின் மொழிபெயர்ப்புகளே. போலந்து மொழியிலும் 1800இல் வெளிவந்த தம் வேதியியல் நூலில் யெந்த்ஜெய் ஸ்னியாதெட்ஸ்கி 'க்வாசோரூத்' என்னும் சொல்லை ஆண்டார். 'க்வாஸ்' என்பது அமிலம். ஆனால் ஹைட்ரோகுளோரிக் அமிலத்தில் ஆக்சிஜன் இல்லை என்பது 1810 அளவில் டேவியின் ஆய்வுகளால் தெளிவாயிற்று. கோட்பாடு வீழ்ந்தும் செருமானியமும் உருசியமும் பழைய பெயர்களையே இன்றும் வழங்குகின்றன.

போலந்து மொழி வேறு வழியிற் சென்றது. 1851இல் யான் ஒசபோவ்ஸ்கி 'த்லென்' என்னும் சொல்லை முன்மொழிந்தார். சுடர்விடாது உள்ளுறக் கனலுதலைக் குறிக்கும் 'த்லிச்' என்னும் வினையடியிலிருந்து இது பிறந்தது. அமிலக் கோட்பாட்டை விடுத்து, எரிதலுக்குத் துணைநிற்கும் இயல்பையே இது பெயராக்கியது.

இச்சொல்லின் வலிமை அதன் கிளைகளில் விளங்கும். ஆக்சைடு 'த்லெனெக்', ஆக்சிஜனேற்றம் 'உத்லெனியானியே', புண் கழுவும் ஹைட்ரஜன் பெராக்சைடு 'வோதா உத்லெனியோனா'. அதனால் முடியை வெளிறச் செய்தல் 'த்லெனிச்' எனப்படும். தூய காற்று வாங்க வெளியிற் செல்வதை 'தோத்லெனிச் ஷே' என்பர். ஆய்வகத்தில் தோன்றிய சொல் மருந்துக்கும் ஒப்பனைக்கும் உலாவுக்கும் உரியதாயிற்று. வேரான வினையோ, நம்பிக்கை இன்னும் கனன்றுகொண்டிருக்கிறது என்னும் உருவக வழக்கிலும் வாழ்கிறது.

தமிழில் 'பிராணவாயு', 'உயிர்வளி' ஆகியன உயிர்ப்பை முதன்மைப்படுத்துகின்றன. மூச்சைக் குறிக்க அவை பொருந்தும். எனினும் இரும்பு துருப்பிடித்தலை விளக்குமிடத்துப் பாடநூல்கள் 'ஆக்சிஜனேற்றம்' என்றே எழுதுகின்றன. ஓர் இயல்பை மட்டும் சுட்டும் பெயர் பிற இயல்புகளைக் கூறுமிடத்துத் தயங்குகிறது. கனலுதல் என்னும் வேரோ விறகு எரிதலையும் இரும்பு துருவேறுதலையும் ஒருசேரத் தழுவ இடந்தருகிறது. எனவே கலைச்சொல்லாக்கத்தில் பெயரின் பொருட்பொருத்தம் மட்டுமன்றி, அதினின்று வினையும் பெயரும் கிளைக்கும் ஆற்றலும் அளவுகோலாதல் வேண்டும் என்பது இவ்வாய்வின் முடிபாகும்.