போறணை இல்லாமல் சீனிச் சம்பல் பணிஸ்

இனிப்பும் உறைப்பும் சேர்ந்த இந்தக் காலை உணவை விறகடுப்பிலேயே சுடலாம். 500 கிராம் கோதுமை மா, 2 தேக்கரண்டி ஈஸ்ட், சிறிது சீனி, உப்பு, மாஜரின் சேர்த்து இளஞ்சூட்டு நீரில் குழைத்து, இருமடங்காகப் பொங்கும்வரை மூடி வையுங்கள்.

சம்பலில்தான் கவனம் வேண்டும். வெங்காயத்தை மெல்லிய நெருப்பில் நன்றாக வதக்கி, மாசித்தூள், மிளகாய்த்தூள், பழப்புளி, கறுவா, உப்பு இட்டு, நீர் வற்றிய பின்பே சீனி சேருங்கள். ஈரம் நின்றால் பணிஸின் அடி வேகாது. சீக்கிரம் பழுதாகியும் விடும்.

மாவை 12 உருண்டைகளாக்கி, ஆறிய சம்பலை உள்ளே வைத்து மூடி, மீண்டும் அரைமணி நேரம் பொங்க விடுங்கள். கனமான சட்டியில் உலர்ந்த மணல் பரப்பிச் சூடாக்கி, தட்டை உள்ளே வைத்து, மூடியின்மேல் தணல் இட்டால் ஏறத்தாழ 25 நிமிடத்தில் சிவந்து வரும்.

கடைக்குக் கொடுக்கும் சகோதரிகள் விறகுக்கும் தங்கள் கைவேலைக்கும் ஒரு தொகை சேர்த்தே விலை சொல்லுங்கள். கடைக்காரர் பேரம் பேசத்தான் செய்வார்.