தகரச்சீட்டு முதல் வதிவிட விசா வரை: இந்திய – இலங்கைப் பயண அனுமதிகளும் மலையகத் தமிழரும்

முன்னுரை

நாடு கடக்க விழைபவரிடம் இன்று இரண்டு ஆவணங்கள் கேட்கப்படுகின்றன. அவர் யார், எந்நாட்டவர் என்பதை உரைக்கும் கடவுச்சீட்டு ஒன்று. எதற்காக, எவ்வளவு காலம் உள்ளே இருக்கலாம் என்பதை வரையறுக்கும் விசா மற்றொன்று. முன்னதைத் தாய்நாடு தருகிறது. பின்னதைச் செல்லும் நாடு தருகிறது. சுற்றுலா, கல்வி, பணி எனப் பயண நோக்கம் எதுவாயினும் அடிப்படை இதுவே. இவ்வேற்பாடு தொன்றுதொட்டு இருந்துவருவதுபோல் தோன்றினும், பாக்கு நீரிணையைப் பொறுத்தவரை 1949ஆம் ஆண்டின் பின்னரே இது முழு நடைமுறையாயிற்று. அதற்கு முன் ஒரு நூற்றாண்டுக்கும் மேலாக இலட்சக்கணக்கான தமிழர் அந்நீரிணையைக் கடந்து இலங்கையின் காப்பி, தேயிலைத் தோட்டங்களுக்குச் சென்றனர், பலர் திரும்பினர், மீண்டும் சென்றனர்.

அவர்கள் ஆவணமின்றிச் சென்றனர் என்று பொதுவாகக் கூறப்படுகிறது. அக்கூற்று முழுமையானதன்று. ஆவணங்கள் இருந்தன. ஆனால் அவை செல்பவரின் பெயரில் எழுதப்படவில்லை. தோட்டத்தின் பெயரிலும் கடனின் பெயரிலும் கணக்கு வைத்திருந்த ஓர் ஆட்சிமுறை, பின்னாளில் ஆளின் பெயரில் சான்று கேட்டபோது நேர்ந்தது என்ன என்பதை விளக்க இக்கட்டுரை முற்படுகிறது.

தோட்டத்தின் எண் பொறித்த தகரம்

பத்தொன்பதாம் நூற்றாண்டின் பெரும்பகுதியில் தொழிலாளர் மன்னார்க் கரையில் இறங்கி, வன்னிக் காட்டின் வழியே மாத்தளை நோக்கி நடந்தனர். வழியில் மாண்டவர் பலர். அந்நாளில் அனுமதி என்று எதுவும் தேவைப்படவில்லை. கங்காணியின் பொறுப்பே அனுமதி. அந்நூற்றாண்டின் இறுதியில் அவ்வழி மூடப்பட்டு, தூத்துக்குடி – கொழும்புக் கப்பல்வழி முதன்மை பெற்றபின், ஆள்சேர்ப்பைத் தோட்ட உரிமையாளரும் அரசும் முறைப்படுத்தினர். 1904இல் திருச்சிராப்பள்ளியைத் தலைமையிடமாகக் கொண்டு இலங்கைத் தொழிலாளர் ஆணையகம் நிறுவப்பட்டது.

இக்காலத்தில் நடைமுறைக்கு வந்ததே தகரச்சீட்டு முறை. சிறிய வட்டத் தகட்டில் தோட்டத்தைக் குறிக்கும் எண் பொறிக்கப்பட்டிருக்கும். கங்காணி அத்தகடுகளைத் தமிழகத்துச் சிற்றூர்களுக்குக் கொண்டுசென்று, தான் சேர்த்த ஒவ்வொருவர் கழுத்திலும் கயிற்றில் கோத்துத் தொங்கவிடுவார். தட்டப்பாறை போன்ற முகாம்களில் இருந்த அலுவலர் தகட்டைப் பார்த்தே எந்தத் தோட்டத்துக்குரிய ஆள் என்பதை அறிந்தனர். இரயில் கட்டணம், கப்பல் கட்டணம், உணவுச் செலவு ஆகியவற்றை அத்தோட்டத்தின் கணக்கில் எழுதி அவரை அனுப்பிவைத்தனர். பயணியிடம் பணமோ தாளோ தேவையில்லை. தோட்டத்தைச் சேர்ந்ததும் சீட்டின் பணி முடிந்தது.

செயல்திறனைக் கருதினால் இது வியக்கத்தக்க ஏற்பாடு. எழுத்தறிவற்ற ஒருவர், வழிச்செலவு ஏதுமின்றி, முன்பின் அறியாத மலைத்தோட்டம் ஒன்றை வழிதவறாமல் சென்றடைய முடிந்தது. ஆயினும் அதனை இன்றைய விசாவோடு ஒப்பிட்டு நோக்குதல் வேண்டும். விசாவில் பெயர், பிறந்த நாள், நுழைந்த நாள், தங்கும் காலம் ஆகியன இருக்கும். தகரச்சீட்டில் இருந்தது சேரவேண்டிய இடத்தின் எண் மட்டுமே. பொதியின்மேல் ஒட்டிய முகவரியைப் போன்றது அது.

தோட்டத்தை விட்டு நீங்கும்போது வேண்டப்பட்டது ‘துண்டு’. ஒரு கங்காணியும் அவர் கீழிருந்த தொழிலாளரும் இவ்வளவு தொகை கடன்பட்டுள்ளனர், அதைச் செலுத்தினால் அவர்களை விடுவிக்கலாம் என்று தோட்டத்துரை எழுதிக் கொடுக்கும் குறிப்பு அது. கங்காணி அதை ஏந்தித் தோட்டந்தோட்டமாகச் சென்று, கடனைத் தீர்க்க இசையும் மற்றொரு துரையைத் தேடுவார். ஓர் உள்நாட்டு வெளியேற்ற அனுமதியாகவே அது இயங்கியது. 1921இல் சட்டத்தின்வழி அம்முறை ஒழிக்கப்பட்டது. துண்டு, கங்காணி என்னும் தமிழ்ச்சொற்கள் அக்கால ஆங்கில அரசறிக்கைகளில் அப்படியே இடம்பெற்றிருப்பதும், பாஸ்போர்ட், விசா என்னும் சொற்கள் பின்னாளில் தமிழுக்குள் வந்ததும் சொல்லாய்வாளர் தனியே நோக்கத்தக்கவை.

மண்டபம்

1914 பிப்ரவரியில் பாம்பன் பாலமும் தனுஷ்கோடி – தலைமன்னார் கப்பல் இணைப்பும் திறக்கப்பட்டபின் மண்டபம் முகாம் முதன்மையான வாயிலாயிற்று. தோட்டத்துக்குச் செல்வோர் அங்குத் தங்கவைக்கப்பட்டு, மருத்துவச் சோதனைக்குப் பின்னரே கப்பலேறினர். அரசு அஞ்சியது கொள்ளைநோயைத்தான். குடியுரிமை குறித்த வினா அப்போது எழவில்லை. இருகரையினரும் பிரித்தானிய முடியின் குடிகளே.

சட்டநோக்கில் முதல் மாற்றம் இந்தியாவிலிருந்து வந்தது. 1922ஆம் ஆண்டுக் குடிபெயர்வுச் சட்டம், அரசு அறிவித்த நாடுகளுக்கும் அறிவித்த நிபந்தனைகளின்படியும் அன்றி உடலுழைப்புத் தொழிலாளர் செல்வதைத் தடைசெய்தது. இலங்கையில் தொழிலாளர் நலன் காக்க இந்திய அரசின் முகவர் ஒருவர் அமர்த்தப்பட்டார். பின்னர், இலங்கை அரசுத் துறைகளில் நாட்கூலி பெற்றுவந்த இந்தியர் பணிநீக்கம் செய்யப்பட்டதை அடுத்து, 1939 ஆகஸ்ட் 1 முதல் இலங்கைக்கு உடலுழைப்புத் தொழிலாளர் செல்வதை இந்திய அரசு முற்றாகத் தடுத்தது. பாதுகாப்பு நோக்கில் பிறந்த அத்தடை, ஊருக்கு வந்து மீள விழைந்த தொழிலாளரையும் தாக்கிற்று, போர்க்காலத்தில்தான் தளர்த்தப்பட்டது. தடையால் ஊரில் தங்க நேர்ந்த காலம் பத்தாண்டுகள் கழித்து வேறொரு கணக்கில் எண்ணப்படும் என்பதை எவரும் அன்று கருதியிருக்க இயலாது.

1948, 1949: மூன்று சட்டங்கள்

விடுதலை பெற்ற இலங்கை அடுத்தடுத்து இயற்றிய மூன்று சட்டங்களை ஆய்வாளர் பெரும்பாலும் தனித்தனியே படிக்கின்றனர். ஒன்றாக வைத்துப் படித்தாலன்றி அவற்றின் விளைவு புலப்படாது.

முதலாவது, 1948ஆம் ஆண்டின் 18ஆம் இலக்கக் குடியுரிமைச் சட்டம். அதே ஆண்டு நவம்பர் 15இல் நடைமுறைக்கு வந்தது. அந்நாளுக்கு முன் இலங்கையில் பிறந்தவர் மரபுவழிக் குடியுரிமை பெற, அவர் தந்தையும் இலங்கையில் பிறந்திருக்க வேண்டும்; அன்றேல் தந்தைவழிப் பாட்டனும் பூட்டனும் அங்குப் பிறந்திருக்க வேண்டும். தான் அங்குப் பிறந்தது மட்டும் போதாது. இரண்டாவது, 1948ஆம் ஆண்டின் 20ஆம் இலக்கக் குடிவரவு, குடியகல்வுச் சட்டம். குடியுரிமையற்ற எவரும் கடவுச்சீட்டும் விசாவுமின்றி நுழைவதை 1949 நவம்பர் முதல் அது குற்றமாக்கியது. இன்றளவும் இலங்கையின் விசா நடைமுறைக்கு அடிப்படை இச்சட்டமே. பலமுறை திருத்தப்பட்டிருப்பினும், அங்குக் கள ஆய்வுக்குச் செல்லும் நம் ஆய்வாளர் பெறும் அனுமதியும் அதன்கீழ் வழங்கப்படுவதே.

மூன்றாவது, 1949ஆம் ஆண்டின் 3ஆம் இலக்க இந்திய, பாகிஸ்தானிய வதிவாளர் குடியுரிமைச் சட்டம். முதற்சட்டத்தால் விடுபட்டோர்க்கு அது ஒரு வழி திறந்தது. 1946 ஜனவரி 1க்கு முன், மணமானவர் 7 ஆண்டுகளும் மணமாகாதவர் 10 ஆண்டுகளும் இடையறாது வதிந்திருக்க வேண்டும். ஒருமுறை நாட்டைவிட்டு நீங்கியது 12 மாதங்களுக்கு மேற்படின் வதிவு இடையறவுபட்டதாகும். விண்ணப்பிக்க இரண்டாண்டு அவகாசம். 1951 ஆகஸ்ட் 5 இறுதி நாள்.

இங்கேதான் பழைய கணக்கும் புதிய வினாவும் மோதின. ‘எப்போது வந்தாய், எப்போது சென்றாய், எப்போது திரும்பினாய்’ என்பது வினா. தகரச்சீட்டு அதற்கு விடை தராது. துண்டில் இருந்தது கடன்தொகை. எஞ்சியது தோட்டத்தின் ‘செக்ரோல்’ எனப்படும் பெயர்ப்பதிவேடு. அது துரையின் அலுவலகத்தில் இருந்தது, தொழிலாளியின் கையிலன்று. அதிலும் தமிழ்ப்பெயர்கள் எழுதுவோரின் செவிக்கேற்ப ஆங்கில எழுத்தில் பதியப்பட்டன. ஒருவரே ஒரு தோட்டத்தில் ஓர் எழுத்துக்கூட்டலிலும் மற்றொன்றில் வேறோர் எழுத்துக்கூட்டலிலும் காணப்படின், இருவரும் ஒருவரே என்பதை நிறுவும் சுமை விண்ணப்பதாரருடையது.

இச்சட்டத்தை இலங்கை இந்தியக் காங்கிரஸ் முதலில் புறக்கணித்துப் பின்னரே விண்ணப்பிக்கச் சொன்னது. அத்தாமதமும் சேர, இறுதிக் காலத்தில் விண்ணப்பங்கள் குவிந்தன. 8 இலட்சத்துக்கும் மேற்பட்டோரைச் சார்ந்த விண்ணப்பங்களில், குடியுரிமை பெற்றோர் ஏறத்தாழ 1,34,000 பேர். 1948ஆம் ஆண்டுக் குடியுரிமைச் சட்டத்தின் செல்லுபடி குறித்த வழக்கில், 1953இல் இலண்டன் பிரிவி கவுன்சில், தமிழ்த் தொழிலாளரின் சென்றுவரும் வழக்கம் அவர்களது குடியுரிமைத் தகுதியை மதிப்பிடத் தொடர்புடைய செய்தியே எனக் கருதி அரசின் பக்கம் தீர்ப்பளித்தது. சென்றுவருதலை எளிதாக்குவதற்கென்றே முகாமும் கப்பலும் இரயிலும் அமைத்தது ஓர் அரசாட்சி என்பது அத்தீர்ப்பில் எடைபெறவில்லை.

சான்றாகிய தாய்மொழி

1954 ஜனவரி 18இல் கையெழுத்தான நேரு – கொத்தலாவலை ஒப்பந்தம் தமிழாய்வாளர் ஊன்றிப் படிக்கவேண்டிய ஆவணம். சட்டவிரோதக் குடியேற்றத்தைத் தடுத்தலும் பதிவு முறையுமே அதன் பொருள். வாக்காளர் பட்டியலில் இல்லாத வயதுவந்தோர் அனைவரையும் பதிவது. அப்பதிவு முடிந்தபின், பதியப்படாத ஒருவரின் தாய்மொழி இந்திய மொழியாயின், அவர் இந்தியாவிலிருந்து சட்டவிரோதமாக வந்தவர் எனக் கொண்டு நாடுகடத்தலாம் என்பது அதன் கூறுகளுள் ஒன்று.

சான்றியல் நோக்கில் இது பெரும் புரட்டு. குற்றத்தை அரசு மெய்ப்பிக்க வேண்டுவதில்லை. பேசும் மொழியே குற்ற ஊகத்துக்கு அடிப்படையாகிறது. இந்திய மொழி எனப்பட்ட தமிழே யாழ்ப்பாணத்தாருக்கும் மட்டக்களப்பாருக்கும் இலங்கை முஸ்லிம்களுக்கும் தாய்மொழி என்பதை நினைவுகூர்ந்தால், இவ்விதியின் வரம்பின்மை விளங்கும். கள்ளத்தோணி என்ற சொல் மலையகத்தார் அனைவர்மீதும் வீசப்படும் வசையாக, சிங்கள வழக்கிலும் ஊன்றியதன் பின்னணியை இத்தகைய ஆவணங்களோடு இணைத்தே ஆராய்தல் தகும். தோணியில் மறைவாக வந்தோர் ஒரு சிலர் இருந்தனர் என்பதை மறுக்க வேண்டியதில்லை. அரசின் இரயிலிலும் கப்பலிலும் வந்தவர்களின் பேரர்களுக்கு அப்பெயர் எவ்வாறு பொருந்திற்று என்பதே வினா.

பிறந்த லயத்தில் வெளிநாட்டவர்

1964 அக்டோபர் 30இல் சிறிமா – சாஸ்திரி ஒப்பந்தம் 9,75,000 பேரை எண்ணால் பங்கிட்டது: இந்தியாவுக்கு 5,25,000, இலங்கைக்கு 3,00,000, எஞ்சிய 1,50,000 பேர் பின்னர் முடிவுசெய்யப்படுவர். 1974இல் அவர்களும் சரிபாதியாகப் பிரிக்கப்பட்டனர். ஒதுக்கீடும் மக்கள் விருப்பமும் ஒத்துப்போகவில்லை. இலங்கைக் குடியுரிமை கோரியோர் ஒதுக்கீட்டைப் போல் ஏறத்தாழ இருமடங்கினர்.

இந்தியக் குடியுரிமை பெற்றவர் உடனே புறப்படவில்லை. புறப்படும் நாள்வரை, அல்லது 55 வயது நிறையும்வரை, இவற்றுள் எது முந்தியதோ அதுவரை, அவர் வேலையில் தொடரலாம் என ஒப்பந்தம் கூறியது. இதன் நடைமுறைப் பொருள்: தாம் பிறந்த அதே லயத்தில், தாம் கொழுந்து பறித்த அதே மலையில், இந்தியக் கடவுச்சீட்டோடும் இலங்கை வதிவிட விசாவோடும் அவர்கள் வாழ்ந்தனர். விசா என்பது வெளியிலிருந்து வருபவருக்கு வாயில் திறக்கும் கருவி எனும் பொதுக்கருத்து இங்குத் தலைகீழாகிறது. ஓரடியும் நகராத ஒருவரை அது வெளிநாட்டவராக்கியது. சி. வி. வேலுப்பிள்ளை தம் நூலுக்கு ‘நாடற்றவர் கதை’ எனப் பெயரிட்டது சட்டச்சொல்லையே இலக்கியத் தலைப்பாக்கிய செயல். மலையக எழுத்தில் தொடர்ந்து வரும் பிரஜாவுரிமைச் சிக்கலை இப்பின்னணியோடு படிப்பது பயன் தரும்.

1984இல் இராமேசுவரம் – தலைமன்னார்க் கப்பல் நின்றபோது, இந்தியக் கடவுச்சீட்டு பெற்றும் புறப்படாத பல்லாயிரவர் அங்கேயே தங்கினர். அவர்களுள் தொடர்ந்து வதிந்தோர்க்கு 2003ஆம் ஆண்டின் 35ஆம் இலக்கச் சட்டத்தின்வழி இலங்கை குடியுரிமை வழங்கியது.

மீண்டும் மண்டபம்

அதே 2003ஆம் ஆண்டில் இந்தியாவும் தன் குடியுரிமைச் சட்டத்தைத் திருத்தியது. உரிய பயண ஆவணமின்றி நுழைந்தவர் ‘சட்டவிரோதக் குடியேறி’. அவர் பதிவு வழியாகவோ இயல்புரிமை வழியாகவோ குடியுரிமை பெற இயலாது என்றாயிற்று. 1983க்குப் பின் போருக்கு அஞ்சித் தோணியேறித் தமிழகம் வந்தோருள் மலையக வழியினரும் இருந்தனர். அவர்களுள் ஒரு பகுதியினர் தங்கவைக்கப்பட்டது மண்டபம் முகாமில். பாட்டனார் மருத்துவச் சோதனைக்கு நின்றதும், 1964க்குப் பின் தாயகம் திரும்பியோர் இறங்கித் தங்கியதும் அதே இடத்தில்தான்.

மண்டபம், கொட்டப்பட்டு முகாம்களைச் சேர்ந்த இந்திய வம்சாவளியினர் தொடுத்த வழக்கில், 2019 ஜூன் மாதம் சென்னை உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை, அவர்கள் குடியுரிமை வேண்டி விண்ணப்பிக்க வழிசெய்து, அவற்றைப் பரிசீலிக்குமாறு நடுவணரசைப் பணித்தது. அத்தகைய விண்ணப்பதாரர் நிறுவ வேண்டியது, 1949இல் அவர்தம் முன்னோர் நிறுவ முயன்றதற்கு நேர்மாறானது. அன்று, இலங்கையை விட்டு நெடுங்காலம் நீங்கியதில்லை என்று காட்ட வேண்டியிருந்தது. இன்று, முன்னோர் தமிழகத்துச் சிற்றூர் ஒன்றிலிருந்து புறப்பட்டவர் என்று காட்ட வேண்டியிருக்கிறது. அவர்கள் புறப்பட்ட நாளில் கழுத்தில் தொங்கிய தகரத்தில் ஊர்ப்பெயர் இல்லை, ஆள்பெயரும் இல்லை.